தேடிப் போன அரசன்

தகரப் பெட்டியின் அடியில், தங்கையின் கல்யாணப் பத்திரிகைக்குக் கீழே பழுப்பேறிய உறை ஒன்று கிடக்கிறது. புனேயில் வேலைக்கு வந்து சேரும்படி 1987இல் எனக்கு வந்த உத்தரவு அது. அப்போதைய வீட்டு நிலைமை போகவிடவில்லை. உள்ளூர்ப் பள்ளியில் கணக்கு வாத்தியாராகச் சேர்ந்து, அங்கேயே ஓய்வும் பெற்றுவிட்டேன். ஆனால் புனேக்குப் போன ஒருவன் இத்தனை வருஷமும் எனக்குள் குடியிருந்தான். அவனுக்குப் பதவி உயர்வு வந்தது. வீடு கட்டினான். நான் கடன் வாங்கிய மாதங்களில் அவன் வெளியூர்ப் பயணம் போனான்.

அமெரிக்க இயற்பியலாளர் ஹியூ எவரெட்டைப் பற்றிப் படித்தபோது என் புனேக்காரனுக்கு அறிவியலே சாட்சி சொல்ல வந்ததுபோல் இருந்தது. அணுவுக்குள் நடப்பதை அளந்து பார்க்கும்போது, நடக்கக்கூடிய பலவற்றில் ஒன்றுதான் நம் கண்ணில் படுகிறது. மற்றவை என்ன ஆகின்றன? எல்லாமே நடக்கின்றன, ஒவ்வொன்றும் தனித்தனிக் கிளையில் என்று பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் 1957இல் அவர் முன்வைத்தார். பார்ப்பவரும் அந்தக் கிளைகளோடு சேர்ந்தே கிளைத்துவிடுகிறார். அன்று அதை அதிகம் பேர் பொருட்படுத்தவில்லை. எவரெட் ராணுவ ஆய்வுப் பணிக்குப் போய்விட்டார். 1970இல் பிரைஸ் டிவிட் எழுதிய கட்டுரைக்குப் பிறகே அது பரவலாகப் பேசப்பட்டது. அது சரியா என்ற வாதம் இன்னும் ஓயவில்லை. சரி என்றே வைத்துக்கொண்டாலும், கிளைகளுக்கு நடுவே போக்குவரத்து கிடையாது. புனேக்காரனுக்கு நான் ஒரு கார்டுகூடப் போட முடியாது.

வாழாத வாழ்க்கை என்ன ஆகிறது என்ற இதே கேள்வியைக் கதைகளாகப் பின்னிய நூல் ஒன்று நம்மிடம் உண்டு. வடமொழியில் யோகவாசிட்டம், வீரை ஆளவந்தார் அதைத் தமிழில் ஞானவாசிட்டமாகப் பாடினார். வசிட்டர் இராமனுக்குச் சொல்லும் கதைகளில் லவணன் கதை என்னை விடாமல் பிடித்துக்கொண்டது.

அரசவைக்கு வந்த மாயவித்தைக்காரன் மயிற்பீலியை ஆட்டுகிறான். அரசன் லவணன் எதிரே நிற்கும் குதிரையைப் பார்த்தபடி உறைந்துபோகிறான். சற்று நேரம்தான். அதற்குள் அந்தக் குதிரை அவனைத் தூக்கிக்கொண்டு காட்டுக்கு ஓடிவிடுகிறது. பசியால் துவள்கிறான். தகப்பனுக்குச் சோறு எடுத்துப் போகும் ஒரு பெண், தன்னைக் கட்டிக்கொண்டால் தருகிறேன் என்கிறாள். ஊர் ஒதுக்கிவைத்த சண்டாளர் குடியில் அவன் மருமகனாகிறான், பிள்ளை பெறுகிறான், கிழவனாகிறான். பஞ்சம் வருகிறது. பசியில் அழும் கடைசி மகனைப் பார்க்கப் பொறுக்காமல் தீயில் இறங்கத் துணிகிற கணத்தில் அரியணையில் விழித்துக்கொள்கிறான்.

கனவுதானே என்று அவன் விட்டுவிடவில்லை. மறுநாள் விந்திய மலைக்காட்டுக்குத் தேடிப் போனான். அந்தச் சேரி அங்கே இருந்தது. மருமகனையும் பேரப்பிள்ளைகளையும் சொல்லிச் சொல்லி அழுதுகொண்டிருந்தாள் ஒரு கிழவி. அவன் அவளுக்கு ஆறுதல் சொல்லி, வேண்டியதைக் கொடுத்துத் திரும்பினான்.

மனமே உலகத்தை ஆக்குகிறது என்பதைக் காட்டவே வசிட்டர் இதைச் சொன்னார். எனக்கோ வேறொன்று உறைத்தது. லவணனின் இன்னொரு வாழ்க்கை அவனுடையதைவிடத் தாழ்ந்தது. நான் வளர்த்த இன்னொரு நானோ எப்போதும் என்னைவிட ஒரு படி மேலே. நோயில் விழுந்த புனேக்காரனை, வேலை போன புனேக்காரனை ஒரு நாளும் நினைத்துப் பார்த்ததில்லை. அவன் ஜெயிப்பதற்கென்றே நான் பெற்ற பிள்ளை.

இந்தக் கதையைப் படித்த வாரம் சட்டைகளை எடுத்துக்கொண்டு தெருமுனை இஸ்திரி வண்டிக்குப் போனேன். வண்டிக்காரன் என்னோடு ஒன்பதாம் வகுப்பு வரை ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவன். ஒரே மாதத்தில் எங்கள் இருவரின் அப்பாக்களுக்கும் மஞ்சள் காமாலை வந்தது. என் அப்பா பிழைத்தார். அவன் அப்பா பிழைக்கவில்லை. அவர் வைத்துப்போன இஸ்திரிப் பெட்டியை அவன் கையில் எடுத்தான். ஒருவேளை என் அப்பா போயிருந்தாலும் என்னைப் படிக்கவைக்க மாமாக்கள் இருந்தார்கள். அவனுக்கு அப்படி யாருமில்லை. எங்கள் பாதைகள் பிரிந்ததற்கு விதியை மட்டும் காரணம் சொல்ல முடியாது.

தொட்டிக்கரிக் கனலை ஊதிவிட்டு, ஈரத்துணியால் காலரைத் தடவிக்கொண்டிருந்தான். வண்டியோரக் கல்லில் உட்கார்ந்து, முதல் தடவையாக அந்தப் புனே உத்தரவைப் பற்றி அவனிடம் சொன்னேன். பெட்டியை நிறுத்தாமல் கேட்டான். பிறகு, "எனக்கும் அப்படி ஒண்ணு உண்டுடா. பள்ளிக்கூடத்துல பெல் அடிக்கிறப்ப, நான் உள்ள நின்னு எட்டாப்புக்குக் கணக்கு நடத்துற மாதிரி நெனச்சுக்குவேன்" என்றான்.

எத்தனை வருஷமாக என்று கேட்டேன். "அது இருக்கும், முப்பது வருஷம்" என்றான்.

அந்த முப்பது வருஷமும் அந்த மணிச் சத்தத்துக்கு வகுப்பில் நின்றவன் நான். பல நாட்கள் அலுப்போடு நின்றேன், மனசைப் புனேயில் விட்டுவிட்டு. அவன் கனவில் நடத்திய பாடத்தை நான் நிஜத்தில் கடனுக்கு நடத்தியிருக்கிறேன்.

சட்டைகளை மடித்து நீட்டினான். கையில் வாங்கும்போது சூடாக இருந்தன. வீட்டுக்கு வந்து தகரப் பெட்டியைத் திறந்தேன். அந்த உறையைக் கிழிக்கவில்லை. ஆனால் அதைப் பார்த்துப் பெருமூச்சு விடும் உரிமை எனக்கு இல்லை என்று தெரிந்துவிட்டது.