நினைவும் வாய்மையும்

தன் கதையை எழுதுறவங்க பொய் சொல்லக்கூடாது. இதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. ஆனால் நினைவு தவறினால் அது பொய்யாகுமா?

காந்தியடிகள் ‘சத்திய சோதனை’யைத் தொடராக எழுதத் தொடங்கியது 1925-இல். அவருடைய தந்தை இறந்தது 1885-இல். நாற்பது வருஷத்துக்கு முந்தைய ஓர் இரவை யாரால் அப்படியே நினைவில் வைத்திருக்க முடியும்? நேரம், பேச்சு, யார் எங்கே நின்றார்கள் என்பதெல்லாம் கொஞ்சம் மாறியிருக்கலாம். ஆனால் தந்தையின் உயிர் பிரிந்தபோது தாம் பக்கத்தில் இல்லை, மனைவியின் அறையில் இருந்தோம் என்பதை அவர் மறைக்கவில்லை. யாரும் கேட்காத கேள்விக்கு அவரே பதில் சொன்னார்.

ஆக, மறதி வேறு, மறைப்பு வேறு. தேதி தப்பினால் பிறகு வருகிறவர் திருத்திக்கொள்ளலாம். வேண்டுமென்றே எழுதாமல் விட்டதை யார் திருத்துவது?

சரி, ஒளிவுமறைவு இல்லாமல் எழுதிவிட்டால் முழு உண்மையும் வந்துவிடுமா? அதுவும் இல்லை. 1898-இல் டர்பன் வீட்டில் கஸ்தூரிபாயின் கையைப் பிடித்து வாசல்வரை இழுத்துச் சென்றதைக் காந்தியே எழுதியிருக்கிறார். அம்மையார் சுயசரிதை எழுதவில்லை. அந்தச் சண்டையைக் கணவர் சொல்லித்தான் நாம் அறிகிறோம். நேர்மையான நினைவும் ஒருவர் பக்கத்து நினைவுதான்.

நம்ம கதைக்கு வருவோம். 1942-43-இல் சயாம் மரண ரயில் பாதை வேலைக்கு மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்கள் கொண்டுபோகப்பட்டார்கள். மீண்டு வந்தவர்களில் எழுதி வைத்தவர்கள் மிகச் சிலரே. மற்றதெல்லாம் வீட்டுப் பெரியவர்கள் வாய்வழியாகச் சொன்னவை.

அவற்றைக் கைப்பேசியில் பதிவு செய்யும் தம்பி தங்கைகளே, உங்களுக்கும் ஒரு சோதனை வரும். தன் அப்பா கங்காணியாக இருந்து ஆட்களை அடித்தார் என்று ஒரு தாத்தா சொல்லக்கூடும். “அதை விட்டுடு, குடும்பத்துக்கு அவமானம்”னு வீட்டில் சொல்லுவாங்க. விட்டுவிட்டால், அடி வாங்கியவரின் குடும்பத்துக்கு நாம் என்ன பதில் சொல்வது?

பிறருக்குத் தீமை தராத சொல்லே வாய்மை என்பது வள்ளுவர் தந்த இலக்கணம். அதை மனத்தில் வைத்து, உயிரோடு இருப்பவர் நோகாதபடி பெயரை வேண்டுமானால் மறைக்கலாம். நடந்ததை மறைக்க வேண்டாம். “இப்படித்தான் நடந்தது” என்று எழுதாமல், “தாத்தா இப்படிச் சொன்னார்” என்று எழுதுங்கள். பாட்டி வேறு மாதிரி சொன்னால் அதையும் பக்கத்திலேயே எழுதுங்கள். இரண்டையும் படிக்கிறவர் உண்மைக்கு இன்னும் கொஞ்சம் கிட்ட வருவார்.