தறியில் ஏறிய ஓவியம்

ஒல்லாந்தில் 17ஆம் நூற்றாண்டில் தூரிகை பிடித்த பெண்கள் பலர் கலைக்குடும்பங்களில் பிறந்தவர்கள். மலர் ஓவியங்களால் புகழ்பெற்ற ராஹெல் ரொய்ஸ் (1664–1750) கட்டடக் கலைஞர் பீட்டர் போஸ்டின் பேர்த்தி என்பதோடு, அவருடைய தங்கை அன்னாவும் ஓவியராகவே விளங்கினார். ஒல்லாந்தர் முதலிய ஐரோப்பியர் வழிவந்த இலங்கைப் பறங்கியர் சமூகத்தில், 1928இல் கண்டியில் பிறந்த பார்பரா சன்சோனியோ, தம்மைச் சுற்றி ஒரு கலைக்குடும்பத்தைத் தாமே வளர்த்தெடுத்தவர்.

இலண்டனில் ஓவியம் பயின்று திரும்பிய அவரிடம், வறிய இளம்பெண்களுக்கு நெசவால் பிழைப்புத் தேடிக்கொடுத்த நல்லாயன் சபைக் கன்னியர், துணிகளுக்கு வடிவமைத்துத் தருமாறு கேட்டனர். கொட்டாஞ்சேனை மக்கள் தம் பெண்பிள்ளைகளின் பாடசாலை வழியே நன்கறிந்த சபை அது. அந்த வேண்டுகோளே ஓவியரைத் தறியிடம் கொண்டு சேர்த்தது. பலகையில் வண்ணங்களைக் குழைத்துப் புதுநிறம் காண்பதுபோலத் தறியில் காண இயலாது. நீளவாக்கில் இழுத்துக் கட்டிய பாவு நூல் நீலமாகவும், அதன் குறுக்கே நாடா கொண்டு செல்லும் ஊடை நூல் சிவப்பாகவும் இருந்தால், அவை தனித்தனி இழைகளாகவே நிற்க, எட்ட நின்று பார்ப்பவரின் கண்தான் அங்கே ஊதாவைக் காண்கிறது. இந்த நுட்பத்தை அவர் அடர்ந்த வண்ணக் கோடுகளாகவும் கட்டங்களாகவும் விரித்தெடுத்தார். வெள்ளவத்தை நெசவாலை இயந்திரத்தால் துணி நெய்துகொண்டிருந்த அதே கொழும்பு நகரில், 1964இல் 'பெயார்ஃபுட்' என்னும் கைத்தறி நிறுவனத்தை அவர் தொடங்கியது துணிச்சலான செயலே. வெள்ளவத்தையிலிருந்து காலி வீதி வழியே கோட்டைக்குச் செல்வோர் கொள்ளுப்பிட்டியில் அதன் கடையை இன்றும் கடந்தே செல்கின்றனர்.

கோட்டோவியத்தையும் அவர் கைவிடவில்லை. 1960களில், டென்மார்க் கட்டடக் கலைஞர் உல்ரிக் பிளெஸ்னர் முதலியோருடன் நாடெங்கும் சென்று, விகாரைகளையும், விறாந்தை எனப்படும் திறந்த முன்கூடம் கொண்ட பழைய வீடுகளையும், எவரும் பொருட்படுத்தாத சிறு கட்டடங்களையும் வரைந்தார். அழிவு நெருங்குமுன் ஒன்றைப் பார்த்துப் பதிந்து வைப்பதும் கலைஞரின் கடமை என்று கருதுவோருக்கு, அவருடைய துணிகளைக் காட்டிலும் இந்தக் கோடுகளே பெரிய கொடையாகத் தோன்றக்கூடும். அப்பணியின் முதிர்ந்த பயனாக 1998இல் வெளிவந்த இலங்கைக் கட்டடக்கலை நூலை அவருடன் சேர்ந்து உருவாக்கியவர்கள், கணவரும் கட்டடக்கலை வரலாற்றாசிரியருமான ரொனல்ட் லூக்கொக்கும் ஓவியர் லக்கி சேனநாயக்கவும் ஆவர். மகன் டொமினிக் சன்சோனி ஒளிப்படக் கலைஞரானார். பார்பரா 2022 ஏப்ரலில் காலமானார். பெயார்ஃபுட்டின் தறிகளில் பெண்கள் இப்போதும் நெய்துகொண்டிருக்கின்றனர்.