வாரம்

ஏழு நாள் கொண்ட வாரத்தைப் பற்றி அல்ல நான் சொல்ல வந்தது. நிலத்தில் விளைந்ததைப் பங்கிடுவதற்கும் நம் முன்னோர் வைத்த பெயர் வாரம்தான். ராஜபாளையத்தை அடுத்த சேத்தூர் ஒரு காலத்தில் ஜமீன். அத்தகைய ஜமீன்களில், விளைச்சலில் மேலே இருந்தவருக்குச் சேர்வது மேல்வாரம். பயிரிட்ட குடியானவனுக்கு நிற்பது குடிவாரம்.

அகராதியில் வாரம் என்பதற்குப் பங்கு என்ற பொருளோடு அன்பு, பட்சபாதம் என்ற பொருள்களும் உண்டு. பங்கு போடுகிறவன் மனத்தில் இவ்விரண்டில் ஒன்று இல்லாமற் போகுமா, என்ன?

ஒரே நிலத்தில் இருவருக்குப் பாத்தியதை உண்டென்று இந்தச் சொல் ஒப்புக்கொள்கிறது. 1802-ல் கும்பெனியாரின் சட்டமோ ஜமீன்தாரையே சொந்தக்காரர் ஆக்கியது. குடியானவனின் சாகுபடி உரிமையைச் சட்டம் தெளிவாக ஏற்றது 1908-ல். 1948-ல் வந்த சட்டம் ஜமீனையே ஒழித்தது.

வாரத்தில் இன்னொரு நியாயமும் இருந்தது. மழை பொய்த்தால் களத்தில் குவியல் சிறுக்கும்; இருவர் பங்கும் சேர்ந்தே சிறுக்கும். குத்தகையில் அந்தப் பேச்சே இல்லை. விளைந்தாலும் விளையாவிட்டாலும் பேசியதை அளந்தாக வேண்டும்.

அதற்காக அந்தக் காலத்தைக் கொண்டாட வேண்டியதில்லை. குனிந்து நாற்று நட்டவளுக்கும் களை பறித்தவளுக்கும் இரண்டு வாரத்திலும் பங்கு கிடையாது, கூலி மட்டுந்தான். 1908-ம் 1948-ம் அவள் வாசலில் நிற்காமலே போய்விட்டன.

வறண்ட சிவகாசிச் சீமைக்கு 1920-களில் தீப்பெட்டித் தொழில் வந்தது, பட்டாசும் தொடர்ந்தது. மழையை எதிர்பார்த்துப் பிழைத்த ஜனங்கள் வெயிலை எதிர்பார்த்துப் பிழைக்கலானார்கள். செய்த பட்டாசு காய வெயில் வேண்டும். மழை பெய்தால் வேலை நிற்கிறது. உருப்படிக் கணக்கில் கூலி வாங்குகிறவளுக்கு அன்றைய அடுப்பும் நிற்கிறது.

லாபத்தில் யாருக்கு எவ்வளவு என்ற வழக்கு என்றைக்கும் தீரப் போவதில்லை. ஆனால் அந்த மழை நாளின் நஷ்டத்தில் மேல்வாரம் யாருடையது? சரக்கை விற்பவருக்கும், தீபாவளியன்று கொளுத்தி மகிழும் நமக்கும் அதில் ஒரு பங்கு இருக்கத்தான் வேண்டும். முழுவதையும் அவள் தலையிலேயே வைத்துவிட்டு, ஜமீன் ஒழிந்துவிட்டதென்று நாம் நிம்மதியாகச் சொல்லிக்கொள்ள முடியுமா?