உளறும் உரிமை

1992இல் ஸ்பானிய மொழியின் அரச கழகம் தன் அகராதியில் ‘கான்டின்ஃப்ளியார்’ என்ற வினைச்சொல்லைச் சேர்த்தது. நிறையப் பேசி எதையும் சொல்லாமல் விடுவது என்று அதற்குப் பொருள். கான்டின்ஃப்ளாஸ் என்ற பெயரில் மெக்சிகோவையே சிரிக்கவைத்த நடிகர் மரியோ மொரேனோவிடமிருந்து பிறந்த சொல் அது. உளறலால் ஓர் ஆண் அகராதிக்குள் நுழைந்தார். அதிகம் பேசும் பெண்ணுக்கு நம் மொழியில் கிடைப்பதோ ‘வாயாடி’ என்ற வசை. பொருளில்லாமல் பேசும் உரிமை யாருக்கு இருக்கிறது?

1911இல் மெக்சிகோ நகரின் எளிய குடும்பம் ஒன்றில் பிறந்த மொரேனோ, ‘கார்ப்பா’ எனப்படும் கூடார அரங்குகளில் நடித்துப் பழகியவர். இடுப்பிலிருந்து நழுவும் கால்சட்டை, தோளில் ஒரு கந்தல், உதட்டோரம் அரும்பு மீசை. மேட்டுக்குடியினர் ‘பெலாதோ’ என்று இகழ்ந்த நகர்ப்புற ஏழையை அவர் கதாநாயகனாக்கினார்.

அவரை நட்சத்திரமாக்கிய படம், 1940இல் ஹுவான் புஸ்தியோ ஓரோ இயக்கிய ‘ஆயி எஸ்தா எல் தெதாயே’. ‘அங்கேதான் இருக்கு விஷயம்’ என்று அதைத் தமிழில் சொல்லலாம். பாபி என்ற ரவுடியைக் கொன்றதாக கான்டின்ஃப்ளாஸ் கூண்டில் நிற்கிறார். அவர் கொன்றதோ அதே பெயர்கொண்ட ஒரு நாயை. கேள்விக்கு ஒரு சம்பந்தமும் இல்லாத பதில்களாக அவர் கொட்டக் கொட்ட, கடைசியில் நீதிபதியும் வழக்கறிஞர்களும் அவரைப் போலவே பேசத் தொடங்கிவிடுகிறார்கள். சட்டத்தின் மொழி எவ்வளவு வெறுமையானது என்று ஓர் ஏழை காட்டிக்கொடுக்கும் அந்தக் காட்சி இன்றும் கூர் மழுங்காதது.

ஆனால் அவரைக் கூண்டுவரை கொண்டுவந்து சேர்க்கும் பெண்களையும் பார்ப்போம். வீட்டுவேலை செய்யும் பாசித்தா, முதலாளிக்குத் தெரியாமல் சமையலறையில் அவருக்குச் சோறு போடுகிறாள். எஜமானி தொலோரெஸை, அவள் என்றோ எழுதிய காதல் கடிதங்களை வைத்து அந்த ரவுடி மிரட்டுகிறான். சந்தேகப் புருஷனிடம் மாட்டிக்கொள்ளாமலிருக்க, வீட்டுக்குள் அகப்பட்ட கான்டின்ஃப்ளாஸைக் காணாமல்போன தன் அண்ணன் என்று அவள் பொய் சொல்ல வேண்டியிருக்கிறது. அந்த அண்ணன் கைவிட்டுப்போன க்ளோதில்தே எட்டுப் பிள்ளைகளோடு வந்து நிற்கிறாள். அவளைக் கட்டிக்கொள்ள வேண்டுமே என்று கான்டின்ஃப்ளாஸ் பதறுவதுதான் நமக்கு வேடிக்கை.

இந்த மூவரில் எவருக்கும் உளற வழியில்லை. பாசித்தாவின் வாய் தவறினால் வேலை போகும், தொலோரெஸுக்கோ குடும்பமே போகும். ஆணின் சொல் காற்றோடு போகிறது. பெண்ணின் சொல்லோ, பத்திரப்படுத்தப்பட்டு அவளுக்கு எதிரான சாட்சியமாகத் திரும்பி வருகிறது.

படத்துக்கு வெளியே என்ன நடந்துகொண்டிருந்தது? பெண்களுக்கு வாக்குரிமை தரும் அரசியல் சட்டத் திருத்தத்தை அதிபர் லாசாரோ கார்தெனாஸ் 1937இல் முன்மொழிந்தார். காங்கிரசும் மாநில அவைகளும் அதை ஏற்றன. ஆனாலும் அது நடைமுறைக்கு வரும்படி அறிவிக்கப்படவே இல்லை. ஆம் என்றும் சொல்லாமல் இல்லை என்றும் சொல்லாமல், அரசே பெண்களிடம் ‘கான்டின்ஃப்ளியார்’ செய்தது. தேசிய அளவில் அவர்களுக்கு வாக்குரிமை கிடைக்க 1953 ஆக வேண்டியிருந்தது. அதிகாரத்தின் உளறலை அந்தக் காலத்தில் நன்கு அறிந்திருந்தவர்கள் பெண்கள். அதை நடித்துக்காட்டிக் கைதட்டல் வாங்கும் இடம் மட்டும் அவர்களுக்கு இல்லை.

நகைச்சுவையிடம் இவ்வளவு கணக்குக் கேட்கலாமா என்று சிலர் கேட்பார்கள். கேட்கலாம். மேலே இருப்பவரைக் கேலி செய்வது அறம்தான். அந்தக் கேலி, கீழே இருப்பவளின் உழைப்பில் சாப்பிட்டுவிட்டு அவளது கதியையே நகைச்சுவையாக்கும்போது அறம் பாதியில் நின்றுவிடுகிறது. மொரேனோவின் பின்னாள் படங்கள் இதற்கு ஓர் எச்சரிக்கை. பாதிரியாராக, ஆசிரியராக, தூதராக, காவலராக வந்து அவர் மக்களுக்கு உபதேசம் செய்தார். அதிகாரத்தின் மொழியைக் கிழித்தவருக்கு அதன் நாற்காலியில் உட்காரத் தடையேதும் இருக்கவில்லை.

அந்த நீதிமன்றக் காட்சிக்கு நாம் தாராளமாகச் சிரிக்கலாம். சிரித்துக்கொண்டே, அந்தக் கூண்டில் பாசித்தா ஏறி அதே பதில்களைச் சொன்னால் நீதிபதி என்ன செய்திருப்பார் என்றும் யோசிப்போம். அவள் மொழியை அவர் கடன் வாங்கியிருக்க மாட்டார். அடுத்த சாட்சியைக் கூப்பிட்டிருப்பார்.