மானம், நீதி, மீட்பு: அமெரிக்க மேற்கு எல்லைப்புறம் எழுப்பும் அறவினா

முன்னுரை

பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமெரிக்க ஐக்கிய நாடு மிசிசிப்பி ஆற்றுக்கு மேற்கே விரிந்தபோது, குடியேறியோர் முன்னே சென்றனர். நீதிமன்றமும் சிறையும் பின்னே வந்தன. இவ்விடைவெளியைக் களமாகக் கொண்டு ‘வெஸ்டர்ன்’ என்னும் கதைவகை தோன்றியது. மானம் பழிக்கப்படுதல், துப்பாக்கியால் நீதி நிலைநாட்டப்படுதல், பழிபடிந்த வீரன் இறுதியாக ஒரு நற்செயல் புரிந்து மீட்சி பெறுதல் ஆகிய மூன்றும் இவ்வகைக் கதைகளில் மீண்டும் மீண்டும் இடம்பெறுவன. மானம் நீதிக்குத் துணையாகுமா, மீட்பை வழங்கும் உரிமை யாருக்குரியது என்னும் இரு வினாக்களை இரு புதினங்களையும் ஒரு வரலாற்று நிகழ்வையும் கொண்டு ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மானமும் தூக்குக்கயிறும்

ஓவன் விஸ்டர் 1902இல் வெளியிட்ட ‘தி வர்ஜீனியன்’ இக்கதைவகைக்கு வடிவம் தந்த புதினமாகக் கருதப்படுகிறது. வயோமிங்கின் கால்நடைப் பண்ணையொன்றில் பணிபுரியும் தலைவன், மாடு திருடிய குற்றத்திற்காகத் தன் நண்பன் ஸ்டீவ் தூக்கிலிடப்படுவதில் பங்கேற்கிறான். நீதிமன்றங்கள் செயலற்றுப்போன இடத்தில், தாம் அரசுக்கு அளித்த அதிகாரத்தை மக்களே திரும்ப எடுத்துக்கொள்கின்றனர் என நீதிபதி ஹென்றி இச்செயலுக்கு விளக்கம் கூறுகிறார்.

இவ்விளக்கத்தில் ‘மக்கள்’ என்போர் யாவர் என்பது கருதத்தக்கது. 1892 ஏப்ரலில் வயோமிங்கின் ஜான்சன் வட்டாரத்தில் பெரும் பண்ணையாளர்கள் டெக்சாசிலிருந்து கூலிக்குத் துப்பாக்கி வீரர்களை வரவழைத்து நேட் சாம்பியன், நிக் ரே ஆகிய இருவரைக் கொன்றனர். வெகுண்டெழுந்த சிறு குடியேறிகள் அவர்களை முற்றுகையிட்டபோது கூட்டரசுக் குதிரைப்படை வந்து காத்தது. வழக்கு 1893இல் கைவிடப்பட்டது, எவரும் தண்டிக்கப்படவில்லை. சட்டத்தின் பெயரால் பேசிய அதிகாரம் ஈண்டுச் செல்வமுடையோர் கையிலேயே இருந்தது. தூக்கிலிடப்படுவோனுக்கு அந்த ‘மக்கள்’ தொகுதியில் இடமில்லை. தனக்குரிய வட்டத்தை மட்டுமே எண்ணும் மானம், நீதியின் மொழியை எளிதில் கடன்வாங்கிக்கொள்ளும் என்பது இதனால் புலனாகிறது.

வருத்தம் மீட்பாகுமா?

வால்டர் வான் டில்பர்க் கிளார்க் 1940இல் எழுதிய ‘தி ஆக்ஸ்போ இன்சிடென்ட்’ இதற்கு மறுப்பாக அமைந்த புதினமாகும். நெவாடாவில் ஒருவன் கொல்லப்பட்டான் என்னும் செய்தியைக் கேட்டு ஒரு கூட்டம் புறப்படுகிறது. மூவரைப் பிடித்துத் தூக்கிலிடுகிறது. கொலையுண்டதாகக் கூறப்பட்டவன் உயிரோடிருப்பது பின்னரே தெரியவருகிறது. கூட்டத்தில் ஐயங்கொண்டவர்கள் பலர் இருந்தனர். ஆயினும் கோழை எனப்படுவதற்கு அஞ்சி அவர்கள் வாய்திறக்கவில்லை. மானத்தைக் காக்க எண்ணிய அச்சமே கொலைக்குத் துணைநின்றது.

தூக்கைத் தடுக்க வாதிட்ட டேவிஸ் என்னும் முதியவர், தாம் இன்னும் உறுதியாக நின்றிருக்க வேண்டும் எனப் பின்னர்த் துயருறுகிறார். அத்துயரம் மெய்யானது. எனினும் இறந்தோர் மூவருக்கும் அதனால் பயன் ஏதுமில்லை. குற்றவுணர்வு மீட்பின் வாயிலாகலாம்; அதுவே மீட்பாகாது என்பதைப் புதினம் உணர்த்துகிறது.

சாண்ட் கிரீக்கில் இருவகை மானம்

புனைவில் காணும் இச்சிக்கல் வரலாற்றில் இன்னும் கூர்மையாக வெளிப்படுகிறது. ஷெயென், அரப்பஹோ மக்கள் 1864 செப்டம்பரில் டென்வரில் நடைபெற்ற பேச்சுக்குப் பின்னர், லயன் கோட்டை அதிகாரிகள் தந்த உறுதிமொழியை நம்பிக் கொலராடோவின் தென்கிழக்கிலுள்ள சாண்ட் கிரீக்கில் தங்கியிருந்தனர். அவர்கள் ஏறத்தாழ 750 பேர். நவம்பர் 29 காலையில் கர்னல் ஜான் சிவிங்டன் தலைமையில் ஏறத்தாழ 675 வீரர்கள் அவர்களைத் தாக்கினர். தலைவர் பிளாக் கெட்டில் அமெரிக்கக் கொடியையும் வெள்ளைக் கொடியையும் உயர்த்தியும் பயனில்லை. கொல்லப்பட்ட ஏறத்தாழ 230 பேரில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும் முதியோருமாவர். டென்வர் திரும்பிய படைக்கு வரவேற்பளிக்கப்பட்டது.

அப்படையிலேயே கேப்டன் சைலஸ் சோல், லெப்டினன்ட் ஜோசப் கிராமர் ஆகிய இருவரும் தம் வீரர்களைச் சுடப் பணிக்க மறுத்தனர். முகாமிட்டோர்க்கு அளித்த வாக்கை மீறுவது கொலையாகும் என்பது தாக்குதலுக்கு முன்பே இவ்வதிகாரிகள் எடுத்துரைத்த வாதமாகும். சிவிங்டன் நாடியதும் மானம். சோல் காத்ததும் மானம். முன்னது தன்னவர் முன் பெறும் புகழ். பின்னது தன்னவர் அல்லாதார்க்குத் தந்த சொல். பிறனிடத்தும் கடன்பட்டிருப்பதாக உணரும் மானமே நீதிக்குத் துணையாகிறது எனலாம்.

சோலின் மறுப்பால் தாக்குதல் நின்றுவிடவில்லை. அவர் தம் படையை எதிர்த்துப் போரிடவுமில்லை. ஆனால் கண்டதை மறைக்காது கடிதம் எழுதினார். 1865இல் இராணுவ விசாரணைக் குழுவின் முன் சான்றுரைத்தார். அவ்வாண்டு ஏப்ரல் 23 அன்று டென்வர் தெருவில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவருக்குத் திருமணமாகி ஒரு மாதங்கூட நிறைவுறவில்லை. கொன்றவன் தண்டனை பெறவில்லை. படையினின்று முன்பே விலகிவிட்ட சிவிங்டனும் இராணுவ நீதிமன்ற விசாரணைக்கு உட்படுத்தப்படவில்லை. பிளாக் கெட்டில் 1868இல் வாஷிட்டா ஆற்றங்கரையில் மற்றொரு படைத் தாக்குதலில் உயிரிழந்தார்.

மீட்பை வழங்குவோர் யார்?

1865 அக்டோபரில் செய்யப்பட்ட லிட்டில் ஆர்கன்சா உடன்படிக்கையில் அமெரிக்க அரசு இக்கொடுமையை ஒப்புக்கொண்டு இழப்பீடு தருவதாக உறுதியளித்தது. அவ்வுறுதி நிறைவேறவில்லை. கொலராடோ மாநிலத் தலைமையகத்தில் 1909இல் நிறுவப்பட்ட நினைவுச்சின்னம் சாண்ட் கிரீக்கைப் போர்களுள் ஒன்றாகப் பொறித்தது. படுகொலையைப் போர் எனப் பெயரிட்டது நீதிக்கு இழைத்த இரண்டாம் பிழையாகும். 2000இல் சோல், கிராமர் ஆகியோரின் கடிதங்கள் மீண்டும் வெளிப்பட்டன. 2007இல் அவ்விடம் தேசிய வரலாற்றுத் தலமாகத் திறக்கப்பட்டது. 2014இல் ஆளுநர் ஜான் ஹிக்கன்லூப்பர் மன்னிப்புக் கோரினார். பழங்குடியினரைக் கொல்லக் குடிமக்களுக்கு இசைவளித்த 1864ஆம் ஆண்டு அறிவிப்பு 2021இல்தான் நீக்கப்பட்டது. அதனை வெளியிட்ட ஆளுநர் ஜான் எவன்சின் பெயர் தாங்கிய மலை 2023இல் புளூ ஸ்கை எனப் பெயர் மாற்றம் பெற்றது.

தாம் செய்யாத குற்றத்திற்குப் பிற்காலத்தார் மன்னிப்புக் கோருதல் பொருளுடையதா என்பார் உளர். குற்றம் தலைமுறை கடந்து செல்வதில்லை என்பது உண்மையே. ஆனால் அக்குற்றத்தால் கிடைத்த நிலமும் நிறைவேறாத வாக்கும் தலைமுறை கடந்து நிற்கின்றன. மரபுரிமையைப் பெறுவோர் அதனோடு சேர்ந்த கடனையும் பெறுகின்றனர். ஆகவே மன்னிப்புக் கோருதல் கடனை ஒப்புக்கொள்வதாகும்; கடனைத் தீர்ப்பதாகாது. அது தீர்ந்தது எனக் கூறும் உரிமை கடன்பட்டவனுக்கு இல்லை, இழந்தவர்க்கே உண்டு. ஷெயென், அரப்பஹோ மக்கள் ஆண்டுதோறும் சாண்ட் கிரீக்கிலிருந்து டென்வர் வரை மேற்கொள்ளும் நினைவு ஓட்டத்தில் சோலின் கல்லறையிலும் நின்று வணங்குகின்றனர். தம்மைத் தாக்கிய படையின் அதிகாரி ஒருவருக்கு அவர்களே அளிக்கும் இம்மதிப்பை எந்த அரசாணையாலும் வழங்க இயலாது.

முடிவுரை

மானம் தன்னளவில் அறமுமன்று, மறமுமன்று. அது யார்மாட்டுக் கடன்பட்டதாகத் தன்னை உணர்கிறது என்பதைப் பொறுத்தே அதன் அறத்தன்மை அமைகிறது. வட்டத்திற்கு வெளியே உள்ளவனைக் கணக்கில் கொள்ளாத நீதி, பலரறியச் செய்யப்படும் பழிவாங்கலாகவே எஞ்சும். வெஸ்டர்ன் கதையின் வீரன் இறுதிக் குண்டைச் சுட்டுவிட்டுக் குதிரையேறி மறைவதால் தானே தனக்கு மீட்பளித்துக்கொள்கிறான். வரலாறோ மாறாக, மீட்பு உண்மையுரைப்பதில் தொடங்குகிறது. வாக்கை நிறைவேற்றுவதில் வளர்கிறது. இழந்தவர் ஏற்பதில் மட்டுமே முற்றுப்பெறுகிறது என்பதைக் காட்டுகிறது. சாண்ட் கிரீக்கைப் பொறுத்தவரை முதற்படி கடக்கப்பட்டுள்ளது. 1865இல் அளித்த வாக்கு இன்னும் எஞ்சியுள்ளது.