சார்ந்ததன் வண்ணமும் சினிமாவின் கண்ணும்

பிறர் துன்பத்தை அதற்கு வெளியே நிற்பவர் அறிய இயலுமா என்னும் வினாவை ஆராய்வதற்கு, முழுநீளக் கதைப்படம், தொலைக்காட்சி நாடகம், ஆவணப்படம் ஆகிய பல துறைகளிலும் இயங்கிய சிங்கள இயக்குநர் தர்மசேன பத்திராஜாவின் (1943–2018) வாழ்க்கை தகுந்த சான்றாகும். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளராகப் பணியாற்றிய அவர், சீதனச் சுமையையும் சாதி மீறிய காதலையும் பொருளாகக் கொண்ட ‘பொன்மணி’ (1977) என்னும் தமிழ்ப் படத்தை, ஈழத்து எழுத்தாளர் காவலூர் இராசதுரையின் திரைக்கதையைக் கொண்டு உருவாக்கினார்.

மேற்கண்ட வினாவுக்கு விடை தேடுகையில் சைவ சித்தாந்தம் துணைசெய்கிறது; அது உயிரின் இயல்பைச் ‘சார்ந்ததன் வண்ணமாதல்’ என்று விளக்குகிறது. அதாவது, அருகிலுள்ள பொருளின் நிறத்தைப் படிகம் ஏற்பதுபோல, உயிர் தான் சார்ந்ததன் தன்மையைப் பெறுகிறது என்பதாகும். இக்கொள்கையின்படி, பிறப்பால் வாய்த்த அடையாளம் அறிவுக்கு இறுதி எல்லையன்று. எனினும், நிறம் ஏற்ற படிகம் அந்தப் பொருளாகவே மாறிவிடுவதில்லை என்பதால், சார்பு முழு உரிமையையும் தருவதில்லை.

இத்தகைய சார்பைப் பத்திராஜா ஒரு புகையிரதப் பாதையைப் பற்றிய படைப்பிலும் காட்டினார். காங்கேசன்துறையை இறுதி நிலையமாகக் கொண்ட இலங்கையின் வடக்குப் புகையிரதப் பாதை 1905இல் முழுமையடைந்தது. போரினால் 1990இல் யாழ்ப்பாணச் சேவை நின்றுபோக, 2014 அக்டோபரிலேயே புகையிரதம் மீண்டும் அங்கு வந்தடைந்தது. அப்பாதை அறுந்திருந்த காலத்திலேயே அதன் நினைவுகளைத் தேடிப் பத்திராஜா ஓர் ஆவணப்படம் எடுத்தார். அவருடைய படைப்புகள் பிறருக்காகப் பேசும் அதிகாரத்தைக் கோராமல், பிறரைச் சார்ந்து நிற்கும் பொறுப்பையே ஏற்றன என்று கொள்வது பொருந்தும்.