கரடிக்கு வைத்த ஒப்பாரி

எலும்பும் தோலுமாய்த் தள்ளாடும் ஒரு பனிக்கரடி. கனடாவின் ஆர்க்டிக் கரையில் பால் நிக்லன் எடுத்து, 2017 டிசம்பரில் நேஷனல் ஜியாக்ரஃபிக் வெளியிட்ட அந்தக் காணொளி, சோக இசையோடு உலகையே அழவைத்தது. பருவநிலை மாற்றம் என்றால் இதுதான் என்றது அதன் வாசகம். மறு ஆண்டு அதே இதழ், இந்தக் கரடியின் பட்டினிக்கு அதுவே காரணம் என அறுதியிட்டது மிகை என்று ஒப்புக்கொண்டது. வாசகத்தைத் திருத்திவிட்டார்கள். இசைக்குத் திருத்தம் போட வழியில்லை.

ஆவணப்பட இசை சாட்சியத்தை மீறலாகாது. கதைப்படத்தில் இசையமைப்பாளர் எதையும் செய்யலாம். கற்பனை என்று தெரிந்தேதான் டிக்கெட் வாங்குகிறோம். மலக்குழி மரணத்தைக் காட்டும் ஆவணப்படமோ நடந்தது இதுவே என்று சத்தியம் செய்கிறது. அந்தச் சத்தியம் பின்னணி இசையையும் கட்டுப்படுத்தும். தொல்காப்பியர் அழுகை என்னும் மெய்ப்பாட்டுக்கு இளிவு, இழவு, அசைவு, வறுமை என நான்கு நிலைக்களன்களை வகுத்தார். இவற்றுள் எது என்று விளங்கும் முன்பே வயலின்கள் அழச்சொன்னால் அது மெய்ப்பாடு ஆகாது. இளங்கோவடிகளோ அரங்கேற்று காதையில் தண்ணுமை ஆசிரியனுக்கே வரம்பு கட்டினார்: பிற கருவிகளின் குறையை நிரப்பி, மிகையை அடக்கி, தன் ஒலி மேலோங்காமல் வாசிக்க வேண்டும். நாஜி வதைமுகாம்களைப் பற்றிய அலென் ரெனேயின் 'நைட் அண்ட் ஃபாக்' (1955) படத்துக்கு இசையமைத்த ஹான்ஸ் ஐஸ்லர் இளங்கோவைப் படித்திருக்க மாட்டார். ஹிட்லர் ஆட்சியால் நாடிழந்து அலைந்த அவருக்கு ஓலமிட எல்லா உரிமையும் இருந்தது. ஆனாலும் காட்சி கொடூரமாக ஆக, அவர் இசை மெலிந்துகொண்டே போகிறது.

உணர்ச்சியைத் தொடாமல் யாரை அசைக்க முடியும் என்று கேட்பார்கள். நியாயம்தான். குற்றமற்ற நன்மை தருமானால் பொய்யும் வாய்மையின் இடத்தைப் பெறும் என்று வள்ளுவரே இடம் கொடுத்தாரே என்றும் வாதிடலாம். அவர் வைத்த நிபந்தனையைப் பாருங்கள். கரடிக் காணொளியால் விளைந்தது குற்றமற்ற நன்மையா? பருவநிலை மாற்றத்தையே மறுப்பவர்களுக்கு அது வாய்ப்பாகப் போனது.

வேறொரு படத்தின் இசையைத் தற்காலிகமாகப் போட்டுப் படத்தொகுப்பை முடித்துவிட்டு, இதே மாதிரி வேண்டும் என்று இசையமைப்பாளரிடம் கேட்பது இத்தொழிலின் வழக்கம். உருகும் பனிக்கும் தோல்கழிவு கலந்த பாலாற்றுக்கும் ஒரே செல்லோ அழுவது இதனால்தான். அவ்விடத்தில், இந்தக் காட்சிக்கு இசை வேண்டாம் என்று சொல்வது இசையமைப்பாளரின் கடமை. நிமிடக் கணக்கில் ஊதியம் பேசியிருந்தால் அவருக்கு அது நட்டம்தான்.